தொகுதியும் பகுதியும்

1956 நவம்பர் 23. கனமழையில் பெருக்கெடுத்த மருதையாறு, அரியலூருக்கு அருகே ரயில் பாலத்தை அரித்திருந்தது. அந்த வழியே வந்த தூத்துக்குடி விரைவு ரயில் ஆற்றில் கவிழ்ந்து நூற்றுக்கும் மேற்பட்டோர் இறந்தார்கள். ரயில்வே அமைச்சர் லால் பகதூர் சாஸ்திரி பதவி விலகினார். சில மாதங்களுக்கு முன் மகபூப்நகர் விபத்தின்போதும் விலகல் கடிதம் கொடுத்தவர்தான். அப்போது நேரு ஏற்கவில்லை, அரியலூருக்குப் பிறகு ஏற்றார். துணை அமைச்சராக இருந்த ஓ.வி. அழகேசனின் பெயரோடு அரியலூரையும் சேர்த்து திமுகவினர் மேடைதோறும் முழங்கியது தனிக் கதை.

அமைச்சர் பொறுப்பேற்பதைப் பற்றி இந்தியாவில் யார் பேசினாலும் அந்தப் பதவி விலகலைத் தொடாமல் போவதில்லை. அதை மட்டம் தட்டுவது என் நோக்கமல்ல. ஆனால் அந்தப் பாலத்தைச் சாஸ்திரி கட்டவில்லை. அதைச் சோதிக்க வேண்டியவரும் அவரல்ல. விலகலை ஏற்ற நேருவும், தவறு அவருடையது என்பதற்காக அல்ல, ஒரு நல்ல மரபு உருவாகட்டும் என்பதற்காக ஏற்பதாகவே சொன்னார். அன்றிரவு ஆற்றில் எவ்வளவு தண்ணீர் போனது, அதை யார் போய்ப் பார்த்திருக்க வேண்டும், பார்த்ததை யாருக்குச் சொல்லியிருக்க வேண்டும் என்பவை வேறு வகைக் கேள்விகள். பெரிய மனது படைத்த ஒருவர் பதவியை உதறுவதால் அவற்றுக்கு விடை கிடைத்துவிடாது. அதற்குக் கணக்கு வேண்டும்.

ஏறத்தாழ எழுபது ஆண்டு கழித்து அதே ஊரில் நிலைமை தலைகீழாகியிருக்கிறது. பதவி விலகுகிறவர் எவருமில்லை, கணக்குக்கோ குறைவில்லை. 2021 டிசம்பரில் சென்னையில் முதலமைச்சருக்கென்று ஒரு தகவல் பலகை, அலுவலக மொழியில் டாஷ்போர்டு, திறக்கப்பட்டது. மாவட்ட ஆட்சியரகங்களில் ஆய்வுக் கூட்டம் இல்லாத வாரம் அபூர்வம். எத்தனை மனு பெண்டிங், எத்தனை பட்டா மாறுதல் முடிந்தது, எத்தனை வீடு லிண்டல் மட்டத்துக்கு வந்தது, எத்தனை குழந்தைக்குத் தடுப்பூசி போட்டாயிற்று என்று ஒவ்வொரு துறையும் எண்களோடு எழுந்து நிற்கிறது. எண் குறைந்தால் மேலதிகாரி கோபிப்பார். ஊர்க்காரர் கேட்டால் பதில் சொல்ல மட்டும் ஆள் இருக்காது.

பள்ளியில் பின்னம் படித்தபோது கோட்டுக்கு மேலே இருப்பது தொகுதி, கீழே இருப்பது பகுதி என்று சொல்லிக்கொடுத்தார்கள். அரசு அலுவலகத்தின் சாதனை எண் எதுவானாலும் அது ஒரு பின்னம்தான். தொகுதியை எல்லோரும் பார்க்கிறோம். (அரசியல்வாதிகள் வேறு பொருளில் பார்ப்பதும் தொகுதியைத்தான்.) கீழே உள்ள பகுதியில் யார் யாரைச் சேர்த்தார்கள், யாரை விட்டார்கள் என்பதைக் கேட்பவர் குறைவு. பெரும்பாலும் எந்த அலுவலகம் அளக்கப்படுகிறதோ அந்த அலுவலகமேதான் பகுதியையும் வகுத்துக்கொள்கிறது. நெல் வியாபாரத்தில் வாங்க ஒரு மரக்கால், விற்க ஒரு மரக்கால் வைத்திருப்பவரை ஊர் சீக்கிரம் கண்டுபிடித்துவிடும். அலுவலக மரக்காலை அப்படி எளிதாகக் கண்டுபிடிக்க முடிவதில்லை. அரசின் செயல்பாட்டை அளப்பது பற்றி எழுதப்பட்டவை ஏராளம். அவற்றையெல்லாம் இந்த ஒரு கேள்வியோடு, பெரம்பலூர், அரியலூர் என்ற இரண்டு சிறிய மாவட்டங்களில் நின்று பார்க்க முயல்கிறேன்.

சிறியவை மட்டுமல்ல, பிரிந்தும் சேர்ந்தும் பழகியவை. 1995-இல் திருச்சி மாவட்டத்திலிருந்து பெரம்பலூர் பிரிந்தது. 2001 ஜனவரியில் பெரம்பலூரிலிருந்து அரியலூர் பிரிந்தது. 2002 மார்ச்சில் மீண்டும் சேர்க்கப்பட்டது. 2007 நவம்பர் 23-இல் மறுபடியும் தனி மாவட்டமானது. ரயில் விபத்தின் அதே தேதி. தற்செயலாகத்தான் இருக்க வேண்டும். பத்தாண்டு வளர்ச்சியை ஒப்பிட ஒருவர் உட்கார்ந்தால், எந்தப் பெரம்பலூரை எந்தப் பெரம்பலூரோடு என்று முதலில் கேட்டுக்கொள்ள வேண்டியிருக்கிறது. பகுதி எப்படி நழுவும் என்பதை வரைபடமே காட்டிவிடுகிறது.

*

மே மாதம் வந்தால் இந்த இரண்டு மாவட்டங்களும் செய்தியாகின்றன. 2022-இல் பிளஸ் டூ தேர்ச்சியில் பெரம்பலூர் 97.95 விழுக்காட்டுடன் மாநிலத்தில் முதலிடம். 2023-இல் பத்தாம் வகுப்பில் 97.67 விழுக்காட்டுடன் மீண்டும் பெரம்பலூர். 2024-இல் பத்தாம் வகுப்பு முதலிடம் அரியலூருக்கு, 97.31. 2025-இல் பிளஸ் டூவிலும் அரியலூரே முதலிடம், 98.82, மாநிலச் சராசரி 95.03. பருத்தியும் மக்காச்சோளமும் விதைக்கிறவர்கள், சுண்ணாம்புக்கல் சுரங்கத்துக்கும் சிமென்ட் ஆலைக்கும் வேலைக்குப் போகிறவர்கள் ஆகியோரின் பிள்ளைகள் பெருநகரப் பிள்ளைகளை முந்துகிறார்கள். பின்தங்கியவை என்றே பேசப்பட்டுவந்த மாவட்டங்களுக்கு இது சின்ன விஷயமில்லை. ஆசிரியர்கள் காலையிலும் மாலையிலும் சிறப்பு வகுப்பு எடுத்ததும், வராத பிள்ளையின் வீட்டுக்கே போய் அழைத்துவந்ததும் இந்த எண்ணுக்குள் இருக்கின்றன. அதை ஒதுக்கிவிட்டு எண்களைக் கிண்டலடிப்பது சோம்பேறித்தனம்.

ஆனாலும் பகுதியைப் பார்த்தாக வேண்டும். தேர்ச்சி விழுக்காடு, தேர்வு எழுதியவர்களை வைத்துக் கணக்கிடப்படுகிறது. ஒன்பதாம் வகுப்பில் சேர்ந்து வழியில் நின்றுபோனவரும், ஹால் டிக்கெட் வாங்கிவிட்டுத் தேர்வு நாளில் வராதவரும் அதில் இல்லை. 2023 மார்ச்சில் பிளஸ் டூ மொழித்தாள் அன்று மாநிலம் முழுவதும் சுமார் 50 ஆயிரம் பேர் வரவில்லை என்பது செய்தியாகிச் சட்டமன்றம்வரை பேசப்பட்டது. அந்த ஆண்டின் மாநிலத் தேர்ச்சி 94.03 விழுக்காடு. வராதவர்கள் தோற்றவர்கள் கணக்கிலும் இல்லை, வென்றவர்கள் கணக்கிலும் இல்லை. தேர்ச்சி குறைந்தால் தலைமையாசிரியருக்கு விளக்கம் கேட்டுக் கடிதம் வரும் என்றால், தேறமாட்டான் என்று தெரிந்த பையன் தேர்வுக்கு வராமலிருப்பது பள்ளிக்கு நஷ்டமில்லை. எந்தப் பள்ளியும் இதைத் திட்டமிட்டுச் செய்கிறது என்று சொல்லவில்லை. அளவுகோல் அந்தப் பக்கம் சாய்ந்திருக்கிறது என்கிறேன்.

இன்னொன்றும் உண்டு. 2023-இல் பத்தாம் வகுப்பில் பெரம்பலூருக்கும் இரண்டாமிடம் வந்த சிவகங்கைக்கும் இடைவெளி 0.14 விழுக்காடு. எட்டாயிரம் பேர் எழுதும் மாவட்டமென்று வைத்துக்கொண்டால் 0.14 என்பது பதினோரு பேர். பதினோரு பன்னிரண்டு பிள்ளைகள் காய்ச்சலோடு எழுதித் தவறியிருந்தால் முதலிடம் இடம் மாறியிருக்கும். சிறிய மாவட்டத்தில் எண்கள் ஏறுவதும் இறங்குவதும் அதிகம். ஓராண்டு முதலிடத்தை அந்த ஆண்டின் கல்வி அலுவலரின் திறமையாகவும், மறு ஆண்டின் சறுக்கலை அவருக்கு அடுத்தவரின் குற்றமாகவும் படிப்பது கணக்குத் தெரியாத செயல். 2017-இல் தமிழ்நாடு அரசு மாணவர்களின் மாநில முதலிடம், இரண்டாமிடம் என்ற ரேங்க் அறிவிப்பை நிறுத்தியது. பிள்ளைகளுக்கு மன அழுத்தம் என்பது காரணம். நல்ல முடிவு. மாவட்டங்களின் ரேங்க் மட்டும் நிற்கவில்லை. அந்த அழுத்தம் ஆட்சியரிடமிருந்து முதன்மைக் கல்வி அலுவலருக்கும், அவரிடமிருந்து தலைமையாசிரியருக்கும், கடைசியில் கணக்கு வராத அதே பிள்ளைக்கும் இறங்கி வருகிறது.

அளவுகோல் பாடத்தையே வளைத்த கதையும் நம்மிடம் இருக்கிறது. பிளஸ் டூ மதிப்பெண் மட்டுமே எண்ணப்பட்ட காலத்தில் பல தனியார் பள்ளிகள் பிளஸ் ஒன் பாடத்தைத் தொடாமலே இரண்டு ஆண்டும் பிளஸ் டூவை நடத்தின. அதை நிறுத்த 2017-18-இல் பிளஸ் ஒன்னுக்கும் பொதுத்தேர்வு வந்தது. எட்டு ஆண்டுக்குப் பிறகு, பிள்ளைகளுக்குச் சுமை என்று 2025-26-இலிருந்து அது எடுக்கப்பட்டது. டொனால்ட் கேம்ப்பெல் என்ற அமெரிக்க உளவியலாளர் 1976-இல் சொன்னது இதைத்தான்: ஓர் எண்ணை வைத்து எவ்வளவுக்கு முடிவெடுக்கிறோமோ அவ்வளவுக்கு அந்த எண்ணும் கெடும், அது எதை அளக்க வந்ததோ அதுவும் கெடும்.

*

அடுத்தது மனு. திங்கட்கிழமைக் காலையில் ஆட்சியரக வாசலில் நின்று பார்த்தால் இந்த மாவட்டங்களின் ஒரு வாரத் துயரம் வரிசையில் நிற்கும். முதியோர் உதவித்தொகை, பட்டா, பாதைத் தகராறு, குடிநீர், வேலை. இது பழைய ஏற்பாடு. இதன்மேல் ஒவ்வோர் ஆட்சியும் ஓர் அடுக்கு கட்டியிருக்கிறது. 2016-இல் 1100 என்ற தொலைபேசி எண் வந்தது. 2021-க்குப் பிறகு பலவகை மனுப் பிரிவுகளை ஒன்றாக்கி 'முதல்வரின் முகவரி' துறை அமைந்தது. 2023 டிசம்பரில் 'மக்களுடன் முதல்வர்'. 2024 ஜனவரி இறுதியில் 'உங்களைத் தேடி உங்கள் ஊரில்'. இதில் மாதத்தின் நான்காம் புதன்கிழமை ஆட்சியர் ஒரு வட்டத்திலேயே தங்கி நேரில் பார்க்க வேண்டும். 2025 ஜூலையில் மாநிலம் முழுவதும் 10,000 முகாம்கள் என்ற இலக்கோடு 'உங்களுடன் ஸ்டாலின்'. ஆட்சியர் குன்னத்திலோ ஆண்டிமடத்திலோ ஓர் இரவு தங்குவது எந்த டாஷ்போர்டும் காட்டாததைக் காட்டும் என்பதால், இவற்றுள் எனக்குப் பிடித்தது அதுதான்.

மனுக் கணக்கின் பின்னம் எளிது: மேலே முடிக்கப்பட்டவை, கீழே பெறப்பட்டவை. சிக்கல் 'முடிக்கப்பட்டது' என்ற சொல்லில் இருக்கிறது. இப்படி வைத்துக்கொள்வோம். வரப்புப் பாதையை அடைத்துவிட்டார்கள் என்று ஒரு பாட்டி மனுக் கொடுக்கிறார். மனு கோட்டாட்சியருக்குப் போய், அங்கிருந்து வட்டாட்சியருக்கு வந்து, வருவாய் ஆய்வாளர் வழியாகக் கிராம நிர்வாக அலுவலரின் மேசையில் இறங்குகிறது. அவர், இது தனியார் பட்டா நிலம், உரிமையியல் நீதிமன்றத்தை அணுகவும் என்று எழுதுகிறார். மனு முடிந்தது. பாட்டியின் கைப்பேசிக்கு, அல்லது பேரனின் கைப்பேசிக்கு, ஒரு குறுஞ்செய்தி போகிறது. ஆட்சியரகக் கணக்கில் ஒரு பெண்டிங் குறைந்தது. பாதை அடைபட்டபடியே கிடக்கிறது. பாட்டி அடுத்த திங்கட்கிழமை மறுபடியும் வரிசையில் நிற்பார். அப்போது அது புதிய மனு, கீழே உள்ள பகுதியில் இன்னொன்று கூடும், அதுவும் முடிக்கப்படும்போது தொகுதியிலும் ஒன்று கூடும். ஒரே குறை இரண்டு தீர்வாகக் கணக்கில் ஏறுகிறது.

கிராம நிர்வாக அலுவலரைக் குற்றம் சொல்லிப் பயனில்லை. அவர் எழுதியது சட்டப்படி சரியாகவே இருக்கலாம். ஒரு மனுவுக்கு இத்தனை நாள் என்று கெடு வைத்தால், நிலத்தை அளந்து பேசித் தீர்க்க ஆறு மாதம் பிடிக்கும் குறையும், ஒரு கையெழுத்தில் முடியும் குறையும் ஒரே வரிசையில் நிற்கின்றன. மத்திய அரசின் குறைதீர் தளத்தில் இந்தக் கெடு 45 நாளிலிருந்து 2022-இல் 30 ஆகவும், 2024-இல் 21 ஆகவும் குறைந்தது. வேகம் கூடியது என்பது உண்மை. எவ்வளவு வேகமாக இல்லை என்று சொல்கிறோம் என்பதும் அந்த வேகத்துக்குள் அடக்கம்.

இல்லை என்று சொல்வதிலும் ஒரு முறை இருக்கிறது. கலைஞர் மகளிர் உரிமைத் தொகைக்கு 2023-இல் சுமார் 1.63 கோடிப் பேர் விண்ணப்பித்தார்கள்; 1.06 கோடிப் பேர் தேர்வானார்கள். மற்றவர்களுக்குக் காரணம் சொல்லிக் குறுஞ்செய்தி போயிற்று. 30 நாளுக்குள் கோட்டாட்சியரிடம் மேல்முறையீடு செய்யலாம் என்றார்கள். சொன்ன காரணங்களில் தவறுகள் இருந்தன, மேல்முறையீட்டில் மாறின, அது வேறு. காரணத்தையும் அடுத்துப் போக வேண்டிய படியையும் சேர்த்துச் சொன்னார்கள் என்பதுதான் கவனிக்க வேண்டியது. வரப்புப் பாதைப் பாட்டிக்கு அந்தக் குறுஞ்செய்தியில் அப்படி ஒரு படி இல்லை. மனுக் கணக்கில் நான் பார்க்க விரும்பும் எண் ஒன்றே ஒன்றுதான்: முடிக்கப்பட்ட மனுக்காரர்களில் எத்தனை பேர் ஆறு மாதத்துக்குள் அதே குறையோடு திரும்பி வந்தார்கள்? கைப்பேசி எண்ணும் ஆதாரும் பதிவாகும் காலத்தில் இதை எடுப்பது கடினமில்லை.

*

நூறு நாள் வேலையில் அளவுகோல் கேமராவாக மாறியது. 2023 ஜனவரி 1 முதல் வேலைத்தளத்தில் தினம் இரு முறை தொழிலாளர்களைப் படம் எடுத்துச் செயலியில் ஏற்ற வேண்டும் என்பது கட்டாயமானது. பொய்க் கையெழுத்தை ஒழிக்க வந்த படம் அது. இரண்டரை ஆண்டு கழித்து, 2025 ஜூலையில், ஒன்றிய ஊரக வளர்ச்சி அமைச்சகமே மாநிலங்களுக்குச் சுற்றறிக்கை அனுப்ப வேண்டியதாயிற்று: வேலைக்குச் சம்பந்தமில்லாத படங்கள் ஏறுகின்றன, படத்தையே மறுபடி படமெடுத்து ஏற்றுகிறார்கள், அதனால் இனிப் படங்களை ஊராட்சி மட்டத்திலிருந்து ஆட்களை வைத்துச் சரிபார்க்க வேண்டும் என்று. ஆளை நம்பாமல் கருவியைக் கொண்டுவந்து, கருவியைப் பார்க்க மறுபடி ஆளை வைத்தார்கள். இடையில், சிக்னல் கிடைக்காத ஏரிக்கரையில் நிஜமாகவே மண் வெட்டிய பெண்களுக்கு ஒரு நாள் கூலி போன சம்பவங்கள் வேறு.

ராஜஸ்தான் உதய்ப்பூரில் செவிலியர் வருகையை வைத்து நடந்த ஆய்வு ஒன்று இதற்கு அண்ணன். அபிஜித் பானர்ஜி, எஸ்தர் டுப்ளோ, ரேச்சல் கிளென்னர்ஸ்டர் மூவரும் 2008-இல் வெளியிட்டார்கள். நேரம் பதியும் கருவி வைத்து, வராத நாளுக்குச் சம்பளம் பிடிப்போம் என்றதும் முதல் ஆறு மாதம் வருகை நன்றாக உயர்ந்தது. பதினாறு மாதம் ஆனபோது வித்தியாசமே இல்லை. கருவி பழுதாகவில்லை. 'அலுவல் நிமித்தம் வெளியே' என்று விலக்கு அளிக்கப்பட்ட நாட்கள் பெருகிவிட்டன. விலக்கு நாட்கள் பகுதியிலிருந்து கழிக்கப்படும் அல்லவா? மேலதிகாரிகளே விலக்கு அளித்தார்கள்.

*

இனிப் பேசப்போவது ஆய்வுக் கூட்டத்தில் முதல் பக்கத்துக்கு வராத எண். 2011 மக்கள்தொகைக் கணக்கெடுப்பின்படி அரியலூரில் 1,000 ஆண்களுக்கு 1,015 பெண்கள், பெரம்பலூரில் 1,003. மாநில அளவு 996. மாவட்டக் கையேட்டில் பெருமையாக அச்சடிக்கக்கூடிய எண்கள். அதே கணக்கெடுப்பில் ஆறு வயதுக்கு உட்பட்ட குழந்தைகளைப் பார்த்தால் அரியலூரில் 1,000 ஆண் குழந்தைக்கு 897 பெண் குழந்தைகள், பெரம்பலூரில் 913. மாநில அளவு 943. அரியலூரைவிடக் குறைந்த மாவட்டம் தமிழ்நாட்டில் ஒன்றுதான், பக்கத்துக் கடலூர், 896. ஆண்கள் திருப்பூருக்கும் சென்னைக்கும் வளைகுடாவுக்கும் பிழைக்கப் போவதும், பெண்கள் கூடுதல் ஆண்டு வாழ்வதும் முதல் எண்ணை உயர்த்திக் காட்டுகின்றன. பிறக்காமல் போன பெண் குழந்தைகள் இரண்டாவது எண்ணில் தெரிகிறார்கள். பகுதியில் எல்லா வயதினரையும் சேர்த்தால் அரியலூர் முன்னணியில் நிற்கும். குழந்தைகளை மட்டும் எடுத்தால் கடைசிக்கு முந்திய இடம்.

கருவின் பாலினத்தைச் சொல்வதைத் தடுக்கும் சட்டம் 1994-இலேயே வந்தது. ஒவ்வொரு ஸ்கேனுக்கும் படிவம் நிரப்ப வேண்டும், ஸ்கேன் மையங்களை அதிகாரிகள் சோதிக்க வேண்டும். இங்கே எளிதாக அளக்கக் கிடைப்பது சோதனைகளின் எண்ணிக்கை. இத்தனை மையத்துக்குப் போனோம், இத்தனை படிவம் பார்த்தோம் என்று எழுதிவிடலாம். சட்டம் எதற்காக வந்ததோ அந்த எண், அதாவது பிறப்பில் பாலின விகிதம், பிறப்புப் பதிவேட்டில் மாதாமாதம் கிடைக்கிறது. ஆனால் ஓர் ஆரம்ப சுகாதார நிலையத்தில் ஆண்டுக்கு இருநூறு பிரசவம் என்றால் விகிதம் தறிகெட்டு ஆடும். ஓராண்டு எண்ணை வைத்து ஒரு மருத்துவ அலுவலரைப் பாராட்டவும் முடியாது, தண்டிக்கவும் முடியாது. வட்டாரங்களைச் சேர்த்து, நாலைந்து ஆண்டு நீட்டிப் பார்க்க வேண்டும். அதற்குள் ஆட்சியர் இரண்டு பேர் மாறியிருப்பார்கள். முக்கியமான எண்கள் மெதுவாக நகரும். பதவிக்காலமோ வேகமாக ஓடும். இந்தப் பொருத்தமின்மைக்கு எந்தச் செயலியாலும் மருந்து போட முடிந்ததில்லை. இதற்குமேல், 2021-இல் வர வேண்டிய கணக்கெடுப்பே வரவில்லை. 2027 என்று தள்ளிப்போய்விட்டது. எல்லோரிடமும் கெடு கேட்கும் அரசு தன் கெடுவைத் தவறவிட்டால் விளக்கம் கேட்டு யார் கடிதம் அனுப்புவது?

*

அரியலூர் மண்ணுக்கடியில் சுண்ணாம்புக்கல் இருப்பதால் இங்கே ஒரு பொருள் துல்லியமாக அளக்கப்படுகிறது. சுரங்கத்திலிருந்து போகும் ஒவ்வொரு லாரியும் எடைமேடையில் ஏறுகிறது. டன் கணக்கில் அரசுக்கு உரிமத்தொகை. 2025 ஏப்ரலிலிருந்து மாநில அரசு சுண்ணாம்புக்கல்லுக்கு டன்னுக்கு 160 ரூபாய் நிலவரியும் வாங்குகிறது. ஆலையின் புகைபோக்கியிலும் அளக்கும் கருவி இருக்கிறது. லாரி கிளப்பும் புழுதியை வீட்டுத் திண்ணையில் அளக்கத்தான் கருவி இல்லை. பணம் எங்கே போகிறதோ அங்கே எடைமேடை வைக்கிறோம்.

2015-இல் கனிமச் சட்டம் திருத்தப்பட்டு மாவட்டக் கனிம அறக்கட்டளைகள் வந்தன. பழைய குத்தகைகள் உரிமத்தொகையில் 30 விழுக்காட்டுக்கு இணையான தொகையை, ஏலத்தில் எடுத்தவை 10 விழுக்காட்டை, சுரங்கத்தால் பாதிக்கப்பட்ட ஊர்களுக்கென்று இதில் செலுத்த வேண்டும். ஆட்சியர்தான் தலைவர். குடிநீர், சுகாதாரம், கல்வி போன்றவற்றுக்குப் பெரும்பங்கு போக வேண்டும் என்பது விதி. நல்ல ஏற்பாடு. ஆனால் இதன் சாதனை பொதுவாக எப்படிச் சொல்லப்படும்? இத்தனை கோடி வந்தது, இத்தனை கோடி செலவானது, இத்தனை கட்டடம். மானியக் கோரிக்கையின்போது சட்டமன்றத்தில் வைக்கப்படும் கொள்கை விளக்கக் குறிப்புகளும் பெரிதும் இதே நடையில்தான் இருக்கும். செலவே விளைவாக எழுதப்பட்டிருக்கும். பாதிக்கப்பட்ட ஊர்கள் எவை, அந்தப் பட்டியலை யார் முடிவு செய்தார், பட்டியலில் இல்லாத ஊர் எங்கே முறையிடுவது என்பது இங்கே பகுதி.

ஜெயங்கொண்டம் இதைவிடக் கசப்பான உதாரணம். பழுப்பு நிலக்கரி அனல்மின் திட்டத்துக்காக 1990-களின் பிற்பகுதியில் சுற்றுவட்டாரக் கிராமங்களில் ஆயிரக்கணக்கான ஏக்கர் கையகப்படுத்தப்பட்டது. கையகப்படுத்தும் அலுவலகத்துக்கு ஏக்கர்தான் இலக்கு. அந்தக் கணக்கில் வேலை முடிந்துவிட்டது. மின்நிலையம் வரவில்லை. இழப்பீட்டைக் கூட்டிக் கேட்டு விவசாயிகள் நீதிமன்றத்துக்கு நடந்து நடந்து ஒரு தலைமுறை மூத்துப்போனது. கால் நூற்றாண்டுக்குப் பின் நிலத்தைத் திருப்பித் தர அரசு முடிவெடுத்தது. இடையில் அந்த நிலத்தை விற்க முடியாமலும் கடன் வாங்க முடியாமலும் கழிந்த ஆண்டுகளை எந்தப் பதிவேட்டின் எந்தப் பத்தியில் எழுதுவது?

*

தேசிய அளவில் நடந்தவற்றை விரைவாகவே கடக்கலாம். 1997-இல் முதலமைச்சர்கள் மாநாட்டுக்குப் பின் மக்கள் சாசனங்கள் வந்தன. பிரிட்டனில் 1991-இல் ஜான் மேஜர் தொடங்கியதன் நகல். பல அலுவலகங்களில் அது சுவரில் மாட்டப்பட்டு வெளிறிப்போனது. 2009-இல் ஒன்றிய அமைச்சகங்கள் ஆண்டிலக்கு எழுதி மதிப்பெண் வாங்கும் முறை ஒன்று அமைச்சரவைச் செயலகத்தில் தொடங்கி, 2014-க்குப் பின் ஓசையில்லாமல் போனது. அமைச்சகம் தானே இலக்கு வைத்து, தானே எட்டி, தானே 90 மதிப்பெண் வாங்கியது என்று அதன் கதையைச் சுருக்கினால் முழு நியாயமாகாது, ஆனால் பொய்யுமாகாது. 2018-இன் முன்னேற விழையும் மாவட்டங்கள் திட்டம் 49 குறியீடுகளோடு மாதாமாதம் ரேங்க் போட்டது; தமிழ்நாட்டில் விருதுநகரும் ராமநாதபுரமும் அதில் இருந்தன, நம் இரண்டும் இல்லை. 2019 டிசம்பரில் வந்த நல்லாட்சிக் குறியீட்டில் தமிழ்நாடு முதலிடம். அந்த முதலிடத்தைப் பெரம்பலூர் பேருந்து நிலையத்தில் நிற்பவர் எப்படி உணர்ந்தார் என்று கேட்டால் பதில் வராது. கேட்கப்பட்டவர்களில் அவர் இல்லை.

எனக்கு இவற்றைவிடச் சுவாரசியமானது ஜமாபந்தி. ஆண்டுதோறும் மே, ஜூனில், பசலி ஆண்டு முடியும் முன், வட்டாட்சியர் அலுவலகத்தில் பந்தல் போட்டுக் கிராமக் கணக்குகள் வருகின்றன. ஆட்சியரோ அவர் நிலையில் ஒருவரோ உட்கார்ந்து அ-பதிவேட்டையும் அடங்கலையும் புரட்டுகிறார். நில அளவைச் சங்கிலியைக்கூடச் சரிபார்க்கிறார்கள். அதே பந்தலில் அந்த ஊர்க்காரரும் மனுவோடு நிற்கிறார். கணக்கு எழுதியவரும் கணக்கில் எழுதப்பட்டவரும் ஒரே நாளில் ஒரே இடத்தில் மேலதிகாரியின் முன் நிற்பது சாதாரண ஏற்பாடில்லை. வெள்ளைக்காரனுக்கு முந்தைய வரி வசூல் முறையின் எச்சம். வரி முக்கியமில்லாமல் போனதும் சடங்காகிக்கொண்டிருக்கிறது. சடங்காகாமல் பிழைத்திருந்தால் நமக்கு டாஷ்போர்டு பாதி தேவைப்பட்டிருக்காது.

சோழர் தலைநகர் ஒன்று இருந்த மாவட்டத்தைப் பற்றி எழுதும்போது, அவர்கள் காலத்து உத்திரமேரூரைத் தாண்டிப் போக முடியாது. பராந்தகன் காலத்து, 919, 921-ஆம் ஆண்டுக் கல்வெட்டுகளில், வாரியத்தில் இருந்து கணக்குக் காட்டாதவர் மறுபடி குடவோலைக்குத் தகுதியில்லை. அவரது நெருங்கிய உறவினருக்கும் இல்லை. இதை வைத்துச் சோழர் காலத்தை மக்களாட்சி என்று கொண்டாடுவோரோடு எனக்கு உடன்பாடில்லை. அது பிராமண ஊர்ச்சபை, நிலமும் வீடும் கல்வியும் உள்ள ஆண்களுக்கானது. அங்கேயும் பகுதி சிறியது. ஆனால் 'கணக்குக் காட்டு' என்ற சொல் தமிழில் எவ்வளவு பழையது பாருங்கள். இலங்கைத் தமிழ் இதழ்கள் 'பொறுப்புக்கூறல்' என்கின்றன, இங்கே 'பொறுப்புடைமை' என்கிறார்கள். பொறுப்பை உடைமையாக வைத்திருந்து என்ன பயன்? இலங்கைச் சொல்லில் கூறுகிறவர் ஒருவர் இருக்கிறார், கேட்கிறவரும் இருந்தாக வேண்டும்.

கேட்கிறவரை ஏற்படுத்தும் முயற்சிகள்தான் ஓரளவு பலித்திருக்கின்றன. 1994 டிசம்பரில் ராஜஸ்தானின் கோட் கிரானா கிராமத்தில் மஸ்தூர் கிசான் சக்தி சங்கடனைச் சேர்ந்தவர்கள் கூலிப் பதிவேட்டை ஊர் நடுவில் உரக்கப் படித்தார்கள். யார் வேலை செய்தார், யார் செய்யவில்லை என்று ஊரே சொன்னது. தகவல் உரிமைச் சட்டமும் நூறு நாள் வேலையின் சமூகத் தணிக்கையும் அங்கிருந்து வந்தவை. தகவல் சட்டத்தை முதலில், 1997-இலேயே, இயற்றிய மாநிலம் தமிழ்நாடு. விலக்குகள் மிகுந்த சட்டமாக இருந்ததால் அது யாருக்கும் நினைவில்லை. 2005-இன் தேசியச் சட்டத்தில் 30 நாள் கெடுவும், தவறினால் அலுவலரின் சொந்தப் பணத்திலிருந்து நாளுக்கு 250 ரூபாய் அபராதமும் வந்தபின்தான் அலுவலகங்கள் அசைந்தன. சேவை உரிமைச் சட்டங்களும் இதே வழி: 2010-இல் மத்தியப் பிரதேசம், அடுத்து பீகார், கர்நாடகம், கேரளம். கர்நாடகத்தின் 'சகாலா'வில் தாமதமான ஒவ்வொரு நாளுக்கும் 20 ரூபாய், அதிகபட்சம் 500, விண்ணப்பித்தவருக்கே. தொகை அற்பம். தாமதம் அலுவலகத்துக்குக் கடனாகிறது என்பது அற்பமில்லை. இந்த வரிசையில் தமிழ்நாடு முந்திக்கொள்ளாததுதான் வியப்பு.

இன்னொரு வழி, அளக்கும் வேலையை அளக்கப்படுபவரிடமிருந்து எடுத்துவிடுவது. பெங்களூரில் சாமுவேல் பால் 1990-களின் தொடக்கத்தில் குடிமக்களிடம் போய் மின்வாரியத்துக்கு, குடிநீர் வாரியத்துக்கு, மாநகராட்சிக்கு மதிப்பெண் கேட்டு வாங்கிப் பத்திரிகையில் போட்டார். முதல் அட்டையில் எல்லாம் சிவப்பு. பத்தாண்டில் மூன்று முறை எடுத்தபோது சில துறைகள் வெட்கப்பட்டுத் திருந்தியது தெரிந்தது. தெலங்கானாவில் 2018-இல் விவசாயிகளுக்கான ரைத்து பந்து உதவித்தொகைக் காசோலை விநியோகத்தின்போது கார்த்திக் முரளிதரனும் உடன் ஆய்வாளர்களும் செய்தது இன்னும் எளிது. வட்டத்தைப் போன்ற நிர்வாகப் பிரிவுகளான மண்டல்கள் சிலவற்றைக் குலுக்கல் முறையில் எடுத்து, அங்குள்ள வேளாண் அலுவலர்களிடம், உங்கள் விவசாயிகளுக்கு நாங்களே போன் செய்து காசோலை வந்ததா என்று கேட்போம் என்று முன்கூட்டியே சொன்னார்கள். அவ்வளவுதான். தண்டனை இல்லை, பரிசு இல்லை. உரிய நேரத்தில் காசோலை வாங்கியவர்கள் அந்த மண்டல்களில் சுமார் மூன்று விழுக்காடு கூடுதல். சிறிய எண்தான். ஆனால் அதற்கான செலவு போன் அழைப்புகள் மட்டுமே. அந்த எண்ணை அலுவலகம் எழுதவில்லை, விவசாயி சொன்னார்.

ஆற்றில் போட்டாலும் அளந்து போடு என்பார்கள். அளக்கும் படியை யார் கையில் கொடுப்பது என்று அந்தப் பழமொழி சொல்லவில்லை. பெரம்பலூரில் 121 ஊராட்சி, அரியலூரில் 201. தமிழ்நாட்டில் ஆண்டுக்கு ஆறு முறை கிராம சபை கூட வேண்டும். அங்கே படித்துக் காட்ட ஊராட்சிக்கு நாலு வரி போதும்: நம் ஊர்ப் பள்ளியில் ஒன்பதாம் வகுப்பில் சேர்ந்தவர் எத்தனை, அவர்களில் பத்தாம் வகுப்புத் தேர்வு எழுதியவர் எத்தனை, தேறியவர் எத்தனை; கடந்த ஐந்தாண்டில் பிறந்த ஆண், பெண் குழந்தைகள் எத்தனை; கொடுத்த மனுக்கள் எத்தனை, திரும்பி வந்தவை எத்தனை; கனிம நிதியில் நம் ஊருக்கு என்ன வந்தது. எல்லாமே ஏற்கெனவே ஏதோ ஒரு கணினியில் இருப்பவை. 2019 டிசம்பரில் தேர்ந்தெடுக்கப்பட்ட ஊராட்சித் தலைவர்களின் பதவிக்காலம் 2025 ஜனவரி 5-உடன் முடிந்து, இந்த இரு மாவட்டங்களிலும் அந்த நாற்காலிக்குத் தனி அலுவலர் வந்தார். அந்த நாலு வரியைப் படிக்க வேண்டியவரும் அரசு அலுவலர், படித்தபின் கேள்விக்குப் பதில் சொல்ல வேண்டியவரும் அவரே என்றாகிப்போனது. மருதையாற்றில் இன்னும் மழைக்காலத்தில்தான் வெள்ளம் வருகிறது.